நீல நாக்கு

"அம்மா, மாயமலைக் கல்பாசி இருட்டுல நீலமா ஜொலிக்குமாம். அதைத் தின்னுபோட்டுப் பொய் சொன்னா நம்ம நாக்கும் ஜொலிக்குமாம்!" வாரப் பத்திரிகையில் தொடர்கதை படித்த ஹுமேரா துள்ளினாள்.

"நம்மூட்டு பிரியாணியிலயும் கல்பாசி போட்டிருக்கேன் கண்ணு" என்றபடி சாஜிதா, கணவர் யூனுஸின் தட்டில் இன்னொரு கரண்டி வைத்தாள். "ஏனுங்க, டாக்டர் சர்க்கரையே ஆகாதுன்னாரு. பேக்கரிப் பக்கம் போனீங்களா?"

யூனுஸ் வாய் நிறைய பிரியாணியோடு, "போகவே இல்லம்மா" என்றார்.

"அத்தா, நாக்க நீட்டுங்க!" ஹுமேரா ஜன்னலைச் சாத்தி, லைட்டை அணைத்தாள்.

யூனுஸ் வாயை இறுக மூடிக்கொண்டார். எச்சில் கையோடு குளியலறைக்குள் ஓடிக் கதவைத் தாழிட்டார். இருட்டிலேயே கண்ணாடி முன் நாக்கை நீட்டினார். எதுவும் ஜொலிக்கவில்லை. அப்புறம்தான் அவருக்கு மூச்சு வந்தது.

மறுநாள் பேக்கரியில், சர்க்கரை தூக்கலாக ஒரு டீயும் தேங்காய் பன்னும் சொல்லிவிட்டு, வழக்கமான மேசையில் உட்கார்ந்தார். பேனாவைத் திறந்து, வீட்டில் யாருக்கும் தெரியாத 'செவ்வந்தி' என்ற தன் புனைபெயரில் அந்தத் தொடர்கதையின் அடுத்த அத்தியாயத்தை ஆரம்பித்தார்:

'அன்று அடித்த மழையில், மாயமலைக் கல்பாசி மொத்தமும் அழுகிப்போனது.'