மூன்று விகுதிகள்

"அவ தப்பாப் பேசலைங்க டாக்டர், எங்க ஊர்ல எல்லாருமே இப்படித்தான் பேசுவோம்!"

வெலிச்கோ எழுந்த வேகத்தில், மடியிலிருந்த பீன்ஸ் சூப் ஜாடி விழப் பார்த்தது. ரொடோப் மலையிலிருந்து பிளவ்திவ் ஆஸ்பத்திரிக்கு மூன்று மணி நேர பஸ். பன்னிரண்டு நாளாக இதே அலைச்சல். பக்கவாதத்தில் விழுந்த அவர் மனைவி ஷினா முந்தாநாள்தான் வாய் திறந்திருந்தாள்.

டாக்டர் கலினோவா கடற்கரை ஊர்க்காரர். மலைப்பக்கம் போனதே இல்லை. கையிலிருந்த தாளைப் பார்த்துச் சொன்னார்.

"கையை 'ரகா'ன்னு சொல்லாம 'ரோகா'ங்கறாங்க. வார்த்தைக்கு வார்த்தை விகுதி மாறுது. மூளையில பேச்சுக்கான இடம் அடிபட்டிருக்கு. வீட்டுக்கு அனுப்ப முடியாதுங்க. காப்பகத்துக்குத்தான் எழுதணும்."

"ஐயோ, நானும் 'ரோகா'ன்னுதான் சொல்வேன்! விகுதியும் சரியாத்தான் வருது. பொருளோ ஆளோ, பேசறவங்க பக்கத்துல இருந்தா சொல்லோட கடைசியில 'ஸ்'. கேக்கறவங்க பக்கத்துல இருந்தா 'த்'. ரெண்டு பேருக்கும் எட்டாம தள்ளி இருந்தா 'ன்'. நீங்களே கேட்டுப் பாருங்க."

டாக்டர் ஷினாவின் கட்டிலருகே போய்க் கேட்டுப் பார்த்தார். ஷினா தன் கையிலிருந்த கரண்டிக்கு 'ஸ்' போட்டாள். டாக்டரின் மூக்குக்கண்ணாடிக்கு 'த்'. ஜன்னலுக்கு வெளியே தெரிந்த குன்றுக்கு 'ன்'. பத்துப் பொருள் கேட்டும் ஒன்றுகூடப் பிசகவில்லை.

"அடேயப்பா! நான் படிச்ச பாஷையில இவ்வளவு நுணுக்கம் கிடையாது." டாக்டர் சிரித்துக்கொண்டே தாளில் எழுதியிருந்ததைக் கோடு போட்டு அடித்தார். "மன்னிச்சுக்குங்க. திங்கட்கிழமை கூட்டிட்டுப் போங்க."

வெலிச்கோவுக்குக் கண் கலங்கிவிட்டது. மனைவியின் கையைப் பிடித்துக்கொண்டார்.

"கேட்டியாடி? நம்ம வீட்டுக்குப் போறோம்! இனிமே இந்த உப்பில்லாத கஞ்சி கிடையாது."

ஷினா மரியாதையாகப் புன்னகைத்தாள். கையை மெல்ல விடுவித்துக்கொண்டாள்.

"யாரோட போகப் போறீங்கம்மா?" என்று டாக்டர் விளையாட்டாகக் கேட்டார்.

"என் வீட்டுக்காரரோட."

பதில் தெளிவாகத்தான் வந்தது. ஆனால் வாசலைப் பார்த்தபடி அவள் சொன்ன 'வீட்டுக்காரர்' என்ற சொல்லின் முடிவில் ஒட்டியிருந்தது 'ன்'.

டாக்டரின் பேனா நின்றது. அவருக்கும் இப்போது அந்த இலக்கணம் புரியும்.

அடித்திருந்த வரியின் மேல் வெலிச்கோ விரலை வைத்தார்.

"நீங்க முதல்ல சொன்னதுதான் சரி டாக்டர். இவளுக்கு விகுதியெல்லாம் குழம்பிப் போச்சு. தயவுசெஞ்சு அப்படியே எழுதிக்குங்க."