கொண்டுவரப்பட்டவன்

"இவர்தான் உங்கள் கணவரா?" நீதிபதி கேட்டார்.

நம்போசோ கூண்டைப் பார்த்தாள்.

கூண்டில் நின்றவனின் முகம் வீங்கிக் கிடந்தது. ஒரு கண் முழுக்க மூடியிருந்தது. கம்பியைப் பிடித்துக்கொண்டுதான் நின்றான்.

ராணுவ முகாம் அதிகாரி அவள் பக்கத்திலேயே நின்றார். சிப்பாய்கள் பிடித்துப்போன அவள் கணவன் மஃபாபியைக் கோர்ட்டுக்குக் கொண்டுவரச் சொல்லி உத்தரவுமேல் உத்தரவு போட்டும், அப்படி ஓர் ஆளே எங்களிடம் இல்லை என்று சாதித்தவர். "உன் புருஷன் கம்பாலாவுல வேற ஒருத்தியோட இருப்பான், அங்க போய்த் தேடு" என்று முகாம் வாசலில் அவளைப் பார்த்துச் சிரித்தவர்.

போன முறை நீதிபதிக்குப் பொறுமை போய்விட்டது. இன்று ஆள் வராவிட்டால், கோர்ட்டை அவமதித்ததற்காக அதிகாரியே சிறைக்குப் போகவேண்டும்.

ஆள் வந்துவிட்டான்.

அடையாளம் சொல்ல அவளைத் தவிர யாருமில்லை. மஃபாபியின் அண்ணன்கள் பயந்துபோய் மலையைவிட்டு இறங்கவேயில்லை. அவளுடைய வக்கீல் வமிம்பி மஃபாபியைப் பார்த்ததே கிடையாது.

"நல்லா பாத்துச் சொல்லும்மா," என்றார் அதிகாரி தணிந்த குரலில். "இல்லைன்னு சொன்னா திரும்பக் கொண்டுபோயிடுவோம்."

கூண்டில் நின்றவனுக்கும் அது கேட்டது. கால்சட்டை நனைந்து தரையில் சொட்டியது. திறந்திருந்த ஒற்றைக் கண் அவளைவிட்டு நகரவில்லை.

நீதிபதி மறுபடி கேட்டார்.

"ஆமாங்கய்யா. என் வீட்டுக்காரர்தான்."

உத்தரவு நிறைவேறியது, வழக்கு முடிந்தது, ஆளைக் கூட்டிப் போகலாம் என்றார் நீதிபதி. அதிகாரி விறைப்பாக நின்று சல்யூட் அடித்தார். பிறகு அவளைத் திரும்பிப் பார்த்தார். இந்த முறை சிரிக்கவில்லை.

"இப்பவாவது சிரிங்க, ஆள் கிடைச்சாச்சே!" என்றார் வமிம்பி.

அவள் அவன் கையைப் பற்றிக்கொண்டாள். துப்பாக்கிக்காரர்களைத் தாண்டும்வரை ஓடிவிடக்கூடாது என்று பல்லைக் கடித்துக்கொண்டு நடந்தாள். வேனில் ஏறி, ஊர் எல்லை கடந்தும், முகாம் வண்டி பின்னால் வருகிறதா என்று திரும்பித் திரும்பிப் பார்த்தாள்.

வரவில்லை.

"உன் பேரு என்ன தம்பி?"

"ஓக்கிரோர். சொரோட்டிப் பக்கம், மீன் விக்கிறேன்." அவனுக்குக் குரலே எழும்பவில்லை. "நான் உங்க ஆளு இல்லைன்னு தெரிஞ்சும் ஏன்க்கா ஆமான்னு சொன்னீங்க?"

நம்போசோ அவன் கையை இன்னும் விடவில்லை. இனி மஃபாபியைத் தேடித் தரச் சொல்லி எந்தக் கோர்ட்டு வாசலிலும் போய் நிற்கமுடியாது. இவனைக் கூண்டில் ஏற்றிய அந்தக் கணமே அவளுக்குப் புரிந்துபோயிற்று. உயிரோடு இருந்திருந்தால் மஃபாபியை அல்லவா கொண்டுவந்திருப்பார்கள்.

"உள்ள மஃபாபின்னு ஒருத்தர் இருந்தாரே," என்றாள். "கடைசியா ஏதாச்சும் சொன்னாரா?"