அண்ணாச்சி பார்க்கிற பக்கம்

அன்று விடிந்து வெகுநேரமாகியும் சூரியனைக் காணோம். வானம் முழுக்க மேகம். கடைசி வரிசையில் நின்ற சூரியகாந்திப் பூவுக்குக் கைகால் ஓடவில்லை.

"எந்தப் பக்கம் திரும்புவது, அக்கா?" என்று பக்கத்துப் பூவைக் கேட்டது.

"முதல் வரிசை அண்ணாச்சியைப் பார். அவர் மேற்கே பார்க்கிறார், நாமும் மேற்கே பார்ப்போம்."

கொல்லை மொத்தமும் மேற்கே திரும்பியது. கொஞ்ச நேரத்தில் மேகம் விலக, கடைசிப் பூ மறுபடி பதறியது.

"அக்கா, பிடரி சுடுகிறதே!"

"திரும்பித் தொலைக்காதே. இத்தனை பேரும் தப்பாகவா பார்ப்பார்கள்?"

முதல் வரிசையில் அண்ணாச்சி, காலடியில் பூத்திருந்த மூக்குத்திப்பூவிடம் கலக்கத்தோடு முனகினார்:

"நேற்றுக் காக்காய் உட்கார்ந்ததில் கழுத்து சுளுக்கிக்கொண்டது, தங்கச்சி. திரும்பவே முடியவில்லை. சூரியன் எந்தப் பக்கம் வந்திருக்கிறது என்று பின்னால் நிற்பவர்களைக் கேட்டுச் சொல்லேன்."