ஓய்வு பெறாதவர்

"பாய், கொஞ்சம் பின்னாடி போய் உக்காருங்களேன்."

முன்வரிசையில் நட்டநடுவே உட்கார்ந்திருந்த கலீமுல்லாவிடம் மறுபடியும் கெஞ்சினார் தங்கவேல். மயிலாப்பூரில் அந்த ஓய்வூதியர் சங்கத்துக்கு அவர்தான் செயலாளர். அன்று ஆண்டு விழா.

"ஏன், நான் உக்காந்தா நாற்காலி தேஞ்சிடுமா?"

"இது ரிட்டயர் ஆனவங்க விழா. உங்க மேல கேஸ் இருக்கு. சீஃப் கெஸ்ட் வர்ற நேரத்துல எதுக்கு தர்மசங்கடம்?"

"வாஸ்தவம். நான் ரிட்டயர் ஆகலை. வயசு அறுபத்தேழு, இன்னும் சர்வீஸ்ல இருக்கேன். கவர்மென்டே சொல்லுது."

அதுவும் பொய்யில்லை. உதவிப் பொறியாளர் கலீமுல்லாவுக்குப் பணியின் கடைசி நாளில் மாலை போட்டு, டிபன் பரிமாறி, காரில் ஏற்றி வீட்டுக்கு அனுப்பப்போன நேரத்தில் உத்தரவு வந்தது. ஓய்வு பெற அனுமதி கிடையாது, சஸ்பெண்ட். பெருமழையில் அடையாற்றங்கரைக் குடிசைகளுக்குள் தண்ணீர் ஏறியபோது, அது வடிவதற்காக அரசுக் கிடங்கின் மதிலை இடித்துவிட்டாராம், யாரையும் கேட்காமல்.

மேலதிகாரி போனில் இடிக்கச் சொன்னார் என்பது கலீமுல்லாவின் பதில். மேலதிகாரியான நெடுஞ்செழியனோ, தான் அப்படிச் சொல்லவே இல்லை என்று எழுதிக் கொடுத்துவிட்டார். விசாரணை ஏழு வருடமாக வாய்தா மேல் வாய்தா போய்க்கொண்டிருக்கிறது.

நடந்ததற்கு வருந்துகிறேன் என்று எழுதிக் கொடுங்கள், ஃபைலை மூடிவிடுகிறோம் என்று ஆபீஸில் சொல்லிப் பார்த்தார்கள். தங்கவேலும் தலைதலையாய் அடித்துக்கொண்டார். மனிதர் மசியவில்லை.

"நான் எதுக்கு வருந்தணும்? குடிசைக்குள்ள குழந்தை குட்டிங்க இருந்துச்சு. நாளைக்கே இன்னொரு மழை வந்தாலும் இடிப்பேன். நான் பொய்யன் இல்லைன்னு அவங்கதான் எழுதணும், அதுவும் நான் மௌத்தாறதுக்குள்ள."

வறட்டு வீம்பு என்று நினைத்தார் தங்கவேல். நெருப்பில்லாமல் புகையுமா? நெடுஞ்செழியன் போன்ற பெரிய மனிதருக்குப் பொய் சொல்லி என்ன ஆகப்போகிறது?

அந்த நெடுஞ்செழியன்தான் அன்றைய சிறப்பு விருந்தினர். கலீமுல்லாவைப் பின்வரிசைக்கு அனுப்பத் தங்கவேல் பாடுபட்டதும் அதனால்தான்.

விருந்தினர் வந்தார். நேர்மை, நாணயம், மனசாட்சி என்று முக்கால் மணி நேரம் முழங்கினார். எந்த நிமிஷம் எழுந்து கத்துவாரோ என்று தங்கவேல் கலீமுல்லாவையே பார்த்துக்கொண்டிருந்தார். அவரோ நல்ல பிள்ளையாகக் கைதட்டிக்கொண்டிருந்தார்.

பேச்சு முடிந்ததும் எழுந்தார். பையிலிருந்து ஒரு பொன்னாடையை எடுத்துக்கொண்டு விறுவிறுவென்று மேடையேறி, திகைத்துப்போன நெடுஞ்செழியனுக்குப் போர்த்தி, பக்கத்தில் நின்று கையையும் பிடித்துக்கொண்டார். விருந்தினரின் முகம் வெளிறியது. ஆனால் சபையே கைதட்டும்போது சிரிக்காமல் என்ன செய்வார்? போட்டோக்காரர் படம் எடுத்தார்.

தங்கவேலுக்கு அப்பாடா என்றிருந்தது. கூடவே மனசில் ஒரு கசப்பு. ஏழு வருட வீம்பு இவ்வளவுதானா? கடைசியில் இந்த மனுஷனும் பெரிய இடத்துக் காலைப் பிடித்துவிட்டாரே.

கீழே இறங்கிவந்த கலீமுல்லா அவர் காதருகே குனிந்தார்.

"அந்த போட்டோ எனக்கு நாளைக்குக் காலையில வேணும் தங்கவேலு. விசாரணை இருக்கு."

"விசாரணைக்கு போட்டோ எதுக்கு பாய்?"

"ஐயாவை நேருக்கு நேர் நாலு கேள்வி கேக்கணும்னு ஏழு வருஷமா கேட்டுக்கிட்டிருக்கேன். கூப்பிடறப்பெல்லாம் பக்கவாதம், படுத்த படுக்கை, எழுந்து நிக்கவே முடியாதுன்னு டாக்டர் சர்டிபிகேட் அனுப்பிடறாரு. உடனே வாய்தா. நாளைக்கு வர முடியாதுன்னு நேத்து கூட ஒண்ணு வந்திருக்கு."

தங்கவேல் மேடையைப் பார்த்தார். நெடுஞ்செழியன் பொன்னாடையைக் கழற்றிவிட்டு அவசர அவசரமாக நாற்காலியைத் தேடிக்கொண்டிருந்தார்.

"சார், உக்காந்துடாதீங்க" என்று ஓடினார் தங்கவேல். பிறகு போட்டோக்காரரிடம் சொன்னார்:

"இன்னொண்ணு எடுப்பா. கால்லேர்ந்து எடு. சார் நிக்கறது நல்லாத் தெரியணும்."