ஒற்றை டம்ளர்

ஊரில் ஒரு விநோதக் காற்று வீசத் தொடங்கியதிலிருந்து, கண் விழித்ததும் கனவுகள் மறைவதில்லை. கட்டிலருகே வந்து நின்று நூல்நூலாகப் பிரிகின்றன. விஞ்ஞானிகளுக்கும் காரணம் தெரியவில்லை. பெண்கள் கணவர்களுக்கு முன்னதாக எழுந்து தங்கள் கனவைப் போர்வையால் மூடிவிடுவார்கள். இன்று குமுதவல்லி அயர்ந்து தூங்கிவிட்டாள். கண் விழித்தபோது, அவள் கனவுக்குள் கணவர் எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தார். உள்ளே ஒரு சிறிய வீடு, ஒரே ஒரு நாற்காலி, ஒரே ஒரு டம்ளர்.

"நான் எங்க குமுதா? ஆபீஸ் போயிருக்கேனா?"

"ஆமாங்க."

அவர் ஓய்வுபெற்று வெகுகாலமாகிவிட்டது. சமையலறைக்குப் போய்த் தன் டம்ளரை எடுத்துவந்து, கனவிலிருந்த டம்ளருக்குப் பக்கத்தில் வைத்தார். கனவு வீட்டின் கூரை நூல்நூலாகப் பிரிந்தது. சுவர், நாற்காலி, அவளுடைய டம்ளர் எல்லாம் பிரிந்தன. அவருடையது மட்டும் தரையில் மிஞ்சியது. சுத்தமாகத்தான் இருந்தது. குமுதவல்லி அதை எடுத்துப்போய், திரும்பிப் பார்க்காமல், கழுவிக்கொண்டே இருந்தாள்.