நாலு மணி அழைப்பு

“பதினோரு நாளா இதே கூத்து! நாலு மணியானா ஆம்புலன்ஸ் கேக்கறான். நம்ம டிரைவர் சாவியைக் கையில எடுக்கறதுக்குள்ள ரத்து பண்ணிடறான். அந்த நம்பரை முடக்கிடும்மா” என்று சீறினார் மேலாளர்.

ஆம்புலன்ஸ் செயலியை வடிவமைத்தவளுக்கும் எரிச்சல்தான். பார்த்துப் பார்த்து அவள் இழைத்த செயலி. வேலைவெட்டி இல்லாத எவனுக்கோ விளையாட்டுப் பொம்மையாகிவிட்டதே!

“இன்னைக்கு ஒரு நாள் பொறுங்க சார். நேர்லயே போய் நறுக்குன்னு நாலு வார்த்தை கேட்டுட்டு வரேன்.”

“நாலரை வரைக்கும்தான். அப்புறம் நானே முடக்கிடுவேன்.”

செயலியில் பதிவாகியிருந்த முகவரிக்குப் போய்க் கதவைத் தட்டினாள். திறந்தவர் ஒரு வெல்டர். விரல்களெல்லாம் தீக்காயத் தழும்பு. கையிலிருந்த போனில் அவளுடைய செயலி. கையும் களவுமாகப் பிடிபட்டார்.

“உயிர் போற அவசரத்துக்கு வச்சிருக்கறதுங்க இது. உங்களுக்கு விளையாட்டா?”

அவர் முகம் வெளிறியது. தெருவை ஒருமுறை எட்டிப் பார்த்துவிட்டுத் தணிந்த குரலில் சொன்னார்.

“கோவிச்சுக்காதீங்கம்மா. வீட்டுக்காரிக்கு இதயம் பலவீனம். வலி வந்தா ஒவ்வொரு நிமிஷமும் முக்கியம்னு டாக்டர் சொல்லிட்டார். கூட இருக்கறது நான் ஒருத்தன்தான். இந்தச் செயலியில ஆம்புலன்ஸைக் கூப்பிட அஞ்சு பக்கம் தாண்டணும். இந்தத் தழும்பு விரலுக்கு எழுத்து அகப்பட மாட்டேங்குது. முதல் நாள் ஆறு நிமிஷம் ஆச்சு. அதான் அவ கடைக்குப் போற நேரமாப் பார்த்து ஒத்திகை பண்றேன். அவ முன்னால பண்ணா பயந்துடுவா.” சட்டென்று முகம் மலர்ந்தது. “நேத்து மூணே நிமிஷம்மா!”

கோபம் போன இடம் தெரியவில்லை.

“இவ்வளவு கஷ்டமா இருந்தா எங்களுக்குப் புகார் சொல்லியிருக்கலாமே?”

“புகாரா? பெரிய படிப்புப் படிச்சவங்க செஞ்சது, அதுல குறை இருக்குமா? என் கைதான் மக்கு.”

அவளுக்குச் சுருக்கென்றது. மணி நாலு இருபத்தெட்டு. அங்கேயே நின்று பதறிப்போய் மேலாளரை அழைத்தாள்.

“சார், நம்பரை முடக்கிட்டீங்களா?”

“இன்னும் ரெண்டு நிமிஷம் இருக்கே.”

அப்பாடா! போன உயிர் திரும்பி வந்தது.

“என்ன, சரியா மாட்டினானா? முடக்கிடட்டுமா?”

“முடக்க வேண்டியது அவர் நம்பரை இல்ல சார். நான் பெருமையாப் போட்ட அந்த அஞ்சு பக்கத்தை!”