இருநூற்றுப் பன்னிரண்டு

மகாராணியைக் கொன்றுவிட்டுத் தைமன் நாயைக் கட்டிக்கொண்டு அழுதான். வருத்தம் மகாராணிக்காக இல்லை. அவளுக்குப் பிறகு கொல்வதற்கு ஆளே இல்லை என்பதற்காக.

தொலைக்காட்சித் திரையில் விளையாட்டை உருவாக்கியவர்களின் பெயர்கள் வரிசையாக ஏறிக்கொண்டிருந்தன. இருநூற்றுப் பன்னிரண்டு மணி நேரம்! அந்த நாட்டில் அவன் ஏறாத மலை இல்லை, எட்டிப் பார்க்காத கிணறு இல்லை, பறிக்காத மூலிகை இல்லை. மூன்று மாதம் அங்கேயே குடியிருந்துவிட்டு, ஒரு சனிக்கிழமை காலை எங்கள் டெவென்டர் ஊரில் பழைய சோபா ஒன்றில் வந்து விழுந்தால் யாருக்குத்தான் அழுகை வராது?

மருத்துவமனையில் காலை வேலையில் இருந்த மனைவி லீஸ்பெத்துக்குப் போன் போட்டான்.

"முடிச்சிட்டேன்!"

"அப்பாடா! இனிமேலாவது மனுஷனா இரு. இன்னிக்கு உனக்கு ஒரே ஒரு வேலைதான். ஞாபகம் இருக்குல்ல?"

"இல்லாம என்ன?" என்றான், துளிகூட ஞாபகம் இல்லாமல்.

"மறந்துட்டா, நீ தினமும் போய் உட்கார்ற இடத்துலயே எழுதி வச்சிருக்கேன். ரெண்டரைக்கு வந்துடுவேன். அதுக்குள்ள செய்யலேன்னா உன் மகாராணியே தேவலைன்னு ஆயிடும், பார்த்துக்கோ."

போனை வைத்ததும் தேட ஆரம்பித்தான். சோபாவின் இடுக்கு, தொலைக்காட்சியின் பின்பக்கம், ஃபிரிட்ஜ் கதவு, நாயின் கழுத்துப் பட்டை எல்லாம் பார்த்தாயிற்று. விளையாட்டில் என்றால் செய்ய வேண்டிய வேலையின் தலைக்கு மேல் ஒரு மஞ்சள் அம்பு மினுக்கும். இந்த வீட்டில் எதன் தலையிலும் எதுவும் மினுக்கவில்லை.

அலுத்துப்போய்க் கழிவறையில் உட்கார்ந்து, இதே மாதிரி வேறு விளையாட்டு இருக்கிறதா என்று கைபேசியைத் துழாவினான். அந்த இடத்தில் அவன் தலை நிமிர்ந்தே மூன்று மாதம் ஆகிறது.

இரண்டு மணிக்கு அழைப்பு மணி அடித்தது. பக்கத்து வீட்டு பிராம், புதுக் கோட்டும் வாரிய தலையுமாக நின்றார்.

"வாழ்த்துகள் தைமன்!" என்று கையைப் பிடித்துக் குலுக்கியவர், குனிந்து நாயின் காலையும் பிடித்துக் குலுக்கினார். "உனக்கும்தான்டா பிக்கல்!"

எங்கள் ஊரில் எதில் கஞ்சத்தனம் பண்ணினாலும் வாழ்த்துவதில் பண்ணமாட்டோம். ஒரு வீட்டில் ஒருவருக்கு நல்லது என்றால், கண்ணில் படுகிறவர் கையை எல்லாம் குலுக்கிவிட்டுத்தான் உட்காருவோம். தைமனுக்குக் கண் கலங்கிவிட்டது. இருநூற்றுப் பன்னிரண்டு மணி நேரமும் நாய் கூடவே இருந்தது, அதற்கும் பங்கு உண்டுதானே.

"லீஸ்பெத் சொல்லிட்டாளா?"

"அவ சொல்லணுமா என்ன? தெருவுக்கே தெரியும். ஆமா, எத்தனை ஆச்சு?"

"இருநூத்திப் பன்னிரண்டு!"

பிராம் தொடையில் தட்டிச் சிரித்தார். "பார்த்தா அப்படித் தெரியலப்பா!"

அடுத்து மாமியார் ட்ரூஸ் வந்தார். கன்னத்துக்குக் கன்னம் மாற்றி மூன்று முத்தம் வைத்து, "வாழ்த்துகள் மாப்ள! இதைத் தண்ணியில போடு," என்று பூங்கொத்தை நீட்டினார். பின்னாலேயே அவருடைய தம்பிகள் இருவர். வாழ்க்கையில் முதல்முறையாகத் தன் அருமை சொந்தக்காரர்களுக்குப் புரிந்துவிட்டது என்று தைமன் பூரித்துப் போனான். அந்த ஒரே ஒரு வேலை சுத்தமாக மறந்து போயிற்று.

எல்லோரும் வட்டமாக உட்கார்ந்தார்கள். காபி வந்தது. காபியைத் தவிர வேறு எதுவும் வரவில்லை. ஆளாளுக்கு மேசையைப் பார்த்தார்கள், பிறகு தைமனைப் பார்த்தார்கள்.

"அப்புறம்? இனிமே என்ன பண்றதா உத்தேசம்?" என்றார் ட்ரூஸ்.

"அதான் அத்தை புரியல. மூலைமுடுக்கெல்லாம் பார்த்தாச்சு, இனிமே புதுசா ஒண்ணுமில்ல. பேசாம வேற ஒண்ணு பார்க்கலாமான்னு இருக்கு."

மாமியாரின் கோப்பை உதட்டுக்குப் பாதி வழியில் நின்றது. "வேற ஒண்ணா?"

"இல்லேன்னா இதையே மறுபடி முதல்லேருந்து. ஆனா இந்தத் தடவை பொம்பளையா இருந்து பார்க்கலாம்னு யோசிக்கிறேன்."

ட்ரூஸ் கோப்பையை மெதுவாகக் கீழே வைத்துவிட்டு, அவன் முழங்காலைத் தட்டிக்கொடுத்தார்.

"தப்பே இல்ல மாப்ள. காலம் மாறிப்போச்சு. லீஸ்பெத்துக்குத் தெரியுமா?"

"அவளுக்கு இதுல என்னிக்குமே ஆர்வம் இருந்ததில்ல அத்தை."

"ஐயோ பாவம்," என்றார் பிராம், யாருக்கு என்று சொல்லாமல்.

அந்த நேரம் பார்த்துக் கதவு திறந்தது. லீஸ்பெத் உள்ளே வந்தாள். பேச்சை மாற்றக் கிடைத்த வாய்ப்பை பிராம் விடவில்லை.

"வா வா! உன் புருஷன் கணக்குல இருநூத்திப் பன்னிரண்டு ஆச்சாமே!"

எல்லோரும் சிரித்தார்கள். லீஸ்பெத் சிரிக்கவில்லை. வெறும் மேசையைப் பார்த்தாள், வெற்றிச் சிரிப்போடு எழுந்து நின்ற கணவனைப் பார்த்தாள். நேராகக் கழிவறைக்குள் போனாள்.

உட்கார்ந்தால் மூக்குக்கு நேராகத் தெரியும்படி அங்கே தொங்கிக்கொண்டிருந்த நாட்காட்டியை, ஆணியோடு பிடுங்கிக்கொண்டு வந்து அவன் கையில் கொடுத்தாள். இன்றைய தேதியைச் சுற்றி மூன்று சிவப்பு வட்டம், பக்கத்திலேயே அவள் கையெழுத்தில் இரண்டு வரி.

"நாப்பது ஆனது எனக்குடா. கேக் எங்க?"